டாக்டர் அலின்சன்: மெடிக்கல் கவுன்சில் பேரை அடிச்சது ரொட்டிக்காகவா, விளம்பரத்துக்காகவா?

கரிசல்காத்து:
சத்திய சோதனைல லண்டன் சைவ சங்கத்து கமிட்டி மீட்டிங் ஒண்ணு வரும், காந்தி எழுதிட்டுப் போன பேப்பரை கூச்சத்துல வாசிக்க முடியாம வேற ஒருத்தர் வாசிப்பாரு. எல்லாரும் அந்தக் கூச்சத்தைப் பத்தியே பேசுவோம். அது யாருக்காக எழுதின பேப்பர்னு கேட்டா பாதி பேருக்குத் தெரியாது. தாமஸ் ரிச்சர்ட் அலின்சன்னு ஒரு டாக்டர்.

ஆளு 1858ல மான்செஸ்டர் பக்கம் ஹல்ம்ல பொறந்தவரு. மருந்துக்கடைல அசிஸ்டென்டா நின்னு காசு சேத்து எடின்பரோ போய் படிச்சு 1879ல லைசென்ஸ் வாங்கியிருக்காரு. அப்புறம் லண்டன்ல மான்செஸ்டர் ஸ்கொயர் பக்கத்துல ஸ்பானிஷ் பிளேஸ்ல பிராக்டிஸ். அவரு வச்ச பேரு ஹைஜீனிக் மெடிசின். மருந்தே கிடையாது, தவிடு எடுக்காத கோதுமை ரொட்டி, காய், பழம், திறந்த ஜன்னல், குளியல், நடை, இவ்வளவுதான் பிரிஸ்கிரிப்ஷன். புகையிலை, சாராயம், டீ, காபி எல்லாத்துக்கும் தடா. 1885லேர்ந்து வீக்லி டைம்ஸ் அண்ட் எக்கோ பத்திரிகைல வாரா வாரம் எழுதிருக்காரு, ஆயிரம் கட்டுரைக்கு மேல.

1892ல, இங்கிலாந்துல டாக்டருங்களைப் பதிவு பண்ற ஜெனரல் மெடிக்கல் கவுன்சில் தன் ரெஜிஸ்டர்லேர்ந்து அவரு பேரை அடிச்சுட்டாங்க. மனுஷன் அசரல, அதே வருஷம் பெத்னல் கிரீன்ல ஒரு கல் மாவு மில்லை வாங்கி நேச்சுரல் ஃபுட் கம்பெனின்னு ஆரம்பிச்சுட்டாரு.

இன்னைக்கு சுகர் பேஷண்ட்டுக்கு எந்த டாக்டரும் மைதாவைத் தொடாதேன்னுதான் சொல்றாங்க. அதையே அன்னைக்கு சொன்னவருக்கு இந்த கதியா? விவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க.

ஸ்டெத்தோஸ்கோப்:
//அதையே அன்னைக்கு சொன்னவருக்கு இந்த கதியா?//

இல்ல தல. ரொட்டிக்காக யாரும் அவரைத் தூக்கல. தவிட்டு ரொட்டி நல்லதுன்னு அப்ப இங்கிலாந்துல சொன்ன ஒரே ஆளும் அவரு இல்ல, 1880லயே மே யேட்ஸ்னு ஒரு அம்மா பிரெட் ரிஃபார்ம் லீக்னு சங்கமே வச்சு நடத்தினாங்க, அதுக்கு டாக்டருங்க ஆதரவும் இருந்துச்சு.

மருந்து வேணாம்னு சொன்னதும் குத்தமா எடுத்துக்க முடியாது. அன்னைய மருந்துப்பெட்டியத் திறந்தா கேலமெல், அதாவது பாதரசம், ஆன்டிமனி, ஆர்சனிக். அதைக் குடிக்காம இருந்தாலே பாதி பேரு பொழைச்சிருப்பான். 1860லயே ஹார்வர்டு புரொஃபசர் ஆலிவர் வெண்டல் ஹோம்ஸ் ஒரு மெடிக்கல் சொசைட்டி மேடைலயே, இப்ப பயன்படுத்துற மருந்தையெல்லாம் கடல்ல கொட்டினா மனுஷனுக்கு நல்லது மீனுக்குத்தான் கேடுன்னு சொல்லிட்டு நிம்மதியா வேலையப் பாத்தாரு.

ஹோம்ஸ் டாக்டருங்க கூட்டத்துல டாக்டருங்ககிட்ட சொன்னாரு. அலின்சன் பேப்பர்ல ஜனங்ககிட்ட, மத்த டாக்டருங்ககிட்ட போகாதீங்க எங்கிட்ட வாங்க, இதான் அட்ரஸ், இதான் ஃபீஸ்னு போட்டாரு. வித்தியாசம் அங்கதான் இருக்கு.

ரெண்டாம்_வாய்தா:
டாக்டர் சொல்றது சரி, இது எங்க ஏரியா, கொஞ்சம் விளக்கமா சொல்றேன். இந்த கேஸு லா காலேஜ்ல ரெண்டு விஷயத்துக்காக வரும். அலின்சன் கவுன்சில் மேல கேஸ் போட்டு அது 1894ல கோர்ட் ஆஃப் அப்பீல் வரைக்கும் போச்சு, லார்ட் ஈஷர், லோப்ஸ், டேவின்னு மூணு ஜட்ஜு.

முதல் பாயின்ட்டு, தொழில் ரீதியா இழிவான நடத்தைன்னா என்ன. அது 1858 மெடிக்கல் ஆக்ட் 29வது பிரிவுல வர்ற வார்த்தை (அலின்சன் பொறந்த அதே வருஷத்து சட்டம், ஜாதகம் அப்படி). சட்டத்துல அர்த்தம் எழுதி வைக்கல. லோப்ஸ் ஜட்ஜு சொன்னது இதான்: ஒரு டாக்டர் தொழில் சம்பந்தமா செஞ்ச காரியத்தை, நல்ல பேரும் திறமையும் உள்ள மத்த டாக்டருங்க நியாயமாப் பாத்து இது வெக்கக்கேடு, மானக்கேடுன்னு நினைச்சா அது இழிநடத்தை. அதுக்கப்புறம் பல பத்து வருஷம் இங்கிலீஷ் கோர்ட்டுங்க இதைத்தான் பிடிச்சுட்டிருந்தாங்க. கவனிச்சீங்களா, அளவுகோல் பேஷண்ட்டுக்கு கெடுதல் நடந்துச்சாங்கறது இல்ல, சக டாக்டர் என்ன நினைப்பான்ங்கறது. எனக்கு இதைப் படிச்ச நாள்லேர்ந்தே இடிக்குது.

ரெண்டாவது பாயின்ட்டு இன்னும் ருசி. புகார் கொடுத்தது மெடிக்கல் டிஃபென்ஸ் யூனியன், டாக்டருங்களோட சங்கம். தீர்ப்பு சொல்ல உக்காந்த கவுன்சில்ல டாக்டர் பிலிப்சன்னு ஒருத்தர், அவரு அந்த யூனியன்ல மெம்பரா இருந்தவரு. புகார் பண்ணவனும் பஞ்சாயத்து பண்ணவனும் ஒரே ஆளான்னு அலின்சன் தரப்பு கேட்டாங்க. அவரு அதுல வெறும் மெம்பர், புகார் எடுத்த வேலைல கைவைக்கல, அதனால பட்சபாதம்னு சொல்ல முடியாதுன்னு கோர்ட்டு தள்ளிடுச்சு. இன்னைக்கும் பட்சபாத வாதம் வந்தா யாராவது இந்த கேஸை எடுத்துப் போடுவாங்க.

கரிசல்காத்து:
அப்ப பஞ்சாயத்தே ஒருபக்கமா நடந்துருக்கே வக்கீல் சார்.

ரெண்டாம்_வாய்தா:
ஒருபக்கம்னு முழுசா சொல்ல மாட்டேன். விளம்பரம் போட்டாரு, மத்தவங்களை மொத்தமா மட்டம் தட்டினாரு, ரெண்டையும் அவரு மறுக்கவும் இல்ல. அதுக்கப்புறமும் அடங்கல, பேருக்குப் பின்னாடி எக்ஸ் எல்.ஆர்.சி.பி.ன்னு போட்டுக்கிட்டாரு, அதாவது முன்னாள் லைசென்ஸ்காரர். பிடுங்கின பட்டத்தையே விளம்பரத்துல போட்ட ஆளு!

கொழுப்பேஉணவு:
விக்டோரியா காலத்து டயட் டாக்டருன்னு இழை போட்டுட்டு வில்லியம் ஹார்வி பேரை எடுக்கலன்னா எப்படி? (ரத்த ஓட்டம் கண்டுபிடிச்ச ஹார்வி வேற, அவரு 1600கள்.) இவரு லண்டன்ல காது டாக்டர். 1862ல வில்லியம் பான்டிங்னு ஒரு பெரிய இடத்து சவப்பெட்டிக்காரரு காது கேக்கலன்னு வந்தாரு, வயசு 60க்கு மேல, உயரம் 5 அடி 5 இன்ச், எடை 202 பவுண்டு, குனிஞ்சு ஷூ லேஸ் கட்ட முடியாது, மாடிப்படில பின்பக்கமா இறங்குவாராம். ஹார்வி பாரிஸ்ல கிளாட் பெர்னார்டுன்னு ஒரு உடலியல் விஞ்ஞானியோட லெக்சரைக் கேட்டுட்டு வந்த ஆளு, கல்லீரல்ல சர்க்கரை உண்டாகுதுன்னு. அந்த யோசனைல, இது காது வியாதி இல்லய்யா கொழுப்புன்னு சொல்லி ரொட்டி, சர்க்கரை, உருளைக்கிழங்கு, பால், பீர் எல்லாத்தையும் முடிஞ்ச அளவு நிறுத்தி கறி மீன் சாப்பிடச் சொல்லிட்டாரு. ஒரு வருஷத்துல 46 பவுண்டு குறைஞ்சுது. பான்டிங் அதை 1863ல சின்ன புக்கா போட்டு முதல் பதிப்பை ஓசியிலயே கொடுத்தாரு. ஆக கோதுமை ரொட்டிய குறைச்சவருக்குத்தான் ரிசல்ட்டு, தவிடு போட்டாலும் ரொட்டி ரொட்டிதான் பாஸ் 😄

மாவுமில்லு:
அந்த டயட்ல படுக்கறதுக்கு முன்னாடி தேவைப்பட்டா சர்க்கரை போடாத ஜின்னு இல்லன்னா விஸ்கி இல்லன்னா பிராந்தி ஒரு டம்ளர்னு எழுதிருக்குமே அதை ஏன் ஜி விட்டுட்டீங்க

கொழுப்பேஉணவு:
அது குரூப்ல சொன்னா கூட்டம் தாங்காது அண்ணே

ஸ்டெத்தோஸ்கோப்:
ஹா ஹா. சீரியஸா, ஹார்வி கதை அலின்சன் கதைக்கு நல்ல எதிர்ப்பக்கம். ஹார்வியையும் சக டாக்டருங்க கிண்டல் பண்ணாங்க, பான்டிங் படிச்சவன் இல்ல சவப்பெட்டிக்காரன்னு மெடிக்கல் பத்திரிகைங்க எகிறிச்சு. ஆனா ஹார்வியோட ரெஜிஸ்டரை யாரும் தொடல, ஏன்னா ஊருக்குச் சொன்னது பேஷண்ட்டு, டாக்டர் இல்ல. முதல் பதிப்புல ஹார்வியோட பேரு கூட கிடையாது. எப்படி தப்பிச்சாரு பாருங்க.

ஆனா அந்தக் காலத்து சாப்பாட்டு ஆராய்ச்சின்னா என் ஆளு இவங்க ரெண்டு பேருமே இல்ல, எட்வர்ட் ஸ்மித். 1850கள்ல கோல்டுபாத் ஃபீல்ட்ஸ் ஜெயில்ல கைதிங்க மிதிக்கிற டிரெட்வீல் இருக்குல்ல, அதுல தானே ஏறி மிதிச்சுக்கிட்டே மூஞ்சில ஒரு கருவிய மாட்டி எவ்வளவு கார்பன் டை ஆக்சைடு வெளிய வருதுன்னு அளந்தாரு. அமெரிக்கால உள்நாட்டுப் போர் நடந்து பஞ்சு வராம லங்காஷயர் மில்லுங்க மூடினப்ப, 1862ல, அந்த ஜனங்க என்ன சாப்பிடறாங்கன்னு அரசாங்கம் இவரைத்தான் அனுப்புச்சு. பட்டினி வியாதி வராம இருக்க ஒரு சராசரி ஆம்பளைக்கு நாளைக்கு 4,300 கிரெய்ன் கார்பனும் 200 கிரெய்ன் நைட்ரஜனும், பொம்பளைக்கு 3,900ம் 180ம் வேணும்னு கணக்கு கொடுத்தாரு. 200 கிரெய்ன் நைட்ரஜன்னா 13 கிராம், புரதமா மாத்தினா 80 கிராம் சொச்சம், இன்னைக்கு நாங்க சொல்ற கணக்குக்கு ரொம்ப தள்ளி இல்ல. மார்க்ஸ் மூலதனத்துல இந்த நம்பரைத்தான் எடுத்துப் போட்டிருக்காரு. கறி இருந்தா புருஷனுக்கு, பொண்டாட்டி பிள்ளைங்களுக்கு ரொட்டியும் டீயும்தான்னு எழுதி வச்சதும் இவருதான்.

அலின்சன்கிட்ட இந்த அளக்கற புத்தி கிடையாது. அவருகிட்ட இருந்தது நம்பிக்கை.

வெண்பூசணி:
//பொண்டாட்டி பிள்ளைங்களுக்கு ரொட்டியும் டீயும்தான்//
160 வருஷமாச்சு டாக்டர், இன்னும் பல வீட்ல குழம்புல அடிச்சட்டி மட்டும்தான் எங்களுக்கு.

சரி நான் வந்தது வேற விஷயத்துக்கு. காந்தி பேப்பர் எழுதின விவகாரத்துக்கும் ரொட்டிக்கும் சம்பந்தமே இல்லைங்கறத யாரும் சொல்லலையே? அது கருத்தடை விவகாரம். அலின்சன் கருத்தடைய ஆதரிச்சு ஏழை தொழிலாளிங்க நடுவுல பிரச்சாரம் பண்ணாரு. சைவ சங்கத்துத் தலைவர் ஏ.எஃப்.ஹில்ஸ், தேம்ஸ் அயர்ன் ஒர்க்ஸ் முதலாளி (இவரு கம்பெனி ஃபுட்பால் டீம்தான் பின்னாடி வெஸ்ட் ஹாம் ஆச்சு), சங்கம் ஓடினதே ஏறக்குறைய அவரு காசுல. அவருக்கு ஒழுக்கம்னா உயிரு. இந்த ஆளு ஒழுக்கத்தோட வேரையே வெட்டறான், சங்கத்துல இருக்கக் கூடாதுன்னு தீர்மானம் கொண்டு வந்தாரு.

காந்திக்கு அப்ப 21 வயசு. கருத்தடைல அவருக்கும் உடன்பாடு கிடையாது, ஹில்ஸ் மேல மரியாதையும் உண்டு. ஆனா இது சைவ சாப்பாட்டுக்கான சங்கம், ஒழுக்கத்துக்கான சங்கம் இல்ல, சைவம் சாப்பிடறவன் எவனும் இருக்கலாம்னு அவரோட வாதம். அலின்சன் தோத்தாரு. இந்த மாதிரி முதல் சண்டைலயே தோக்கிற பக்கம் நின்னேன்னு காந்தியே எழுதிருக்காரு. தனக்குப் பிடிக்காத கருத்து உள்ளவனுக்காக பேப்பர் எழுதினாரு பாருங்க, கூச்சத்தை விட எனக்கு அதுதான் பெரிசாத் தெரியுது.

இன்னொரு டாக்டரையும் சேத்துப் பாருங்க. லீட்ஸ்ல ஹென்றி ஆல்பட்னு ஒருத்தர் பொம்பளைங்களுக்காக ஒரு கையேடு போட்டாரு, கருத்தடை முறையெல்லாம் அதுல இருந்துச்சு. 1887ல இதே கவுன்சில் அவரு பேரையும் அடிச்சுது. காரணம் என்ன தெரியுமா, புக்கோட விலை ரொம்ப கம்மியாம்! ஆறு பென்ஸ். டாக்டருங்க படிக்கிற விலை கூடின புக்கா இருந்தா பரவால்ல, கூலிக்காரி வாங்கிப் படிக்கிற விலைக்கு வித்தா இழிநடத்தை. அதுக்குப் பத்து வருஷம் முன்னாடி 1877ல இதே மாதிரி ஒரு கருத்தடை புக்கை பிராட்லாங்கற நாத்திகத் தலைவரோட சேந்து ஆறு பென்ஸுக்கு வித்ததுக்குத்தான் அன்னி பெசன்ட் மேல கேஸு வந்துச்சு, நம்ம அடையாறு அன்னி பெசன்ட்டேதான். தண்டனை அப்பீல்ல அடிபட்டுப் போச்சு, ஆனா அடுத்த வருஷம் பெத்த பொண்ணை கோர்ட்டு அவங்ககிட்டேர்ந்து பிரிச்சுடுச்சு.

அதனால விளம்பரம்தான் குத்தம்னு வக்கீலும் டாக்டரும் சொல்றீங்களே, விளம்பரம்னா என்ன? ஜனங்களுக்கு நேரடியா, மலிவா, புரியற பாஷைல சொல்றது. அதைத்தான் அவங்களால தாங்க முடியல.

ரெண்டாம்_வாய்தா:
அக்கா இந்த கோணத்துல நான் யோசிக்கல, ஆல்பட் கேஸையும் பக்கத்துல வச்சுப் பாத்தா ஒரு பேட்டர்ன் தெரியுது. ஆனாலும் ஒரு சந்தேகம். ஜனங்களுக்கு மலிவா சொல்றதுக்கும், சொல்லிட்டு அதே பேஜ்ல தன் மில்லு மாவை விக்கிறதுக்கும் நடுவுல கோடு எங்க போடறது? மில்லு ஹெல்த் விதவுட் மெடிசின்னு கோஷம் போட்டு வித்துச்சு. இன்னைக்கு யூடியூப்ல கருஞ்சீரகத்தைப் பத்தி பேசிட்டு கீழ லிங்க் கொடுக்கறாங்களே, அவங்களை எந்தப் பக்கம் நிறுத்துவீங்க?

வெண்பூசணி:
மில்லு வாங்கினது பேரை அடிச்ச வருஷத்துல, அதுக்கு முன்னாடி ஏழு வருஷமா எழுதினது யாரோட மாவை விக்க? லைசென்ஸைப் பிடுங்கிட்டு வியாபாரம் பண்றான்னா எப்படி, சோத்துக்கு என்ன பண்ணுவான் மனுஷன்.

மாவுமில்லு:
மாவுன்னு வந்ததால நான் பேசலாம். அப்பா காலத்துலேர்ந்து மில்லு வச்சிருக்கோம்.

அலின்சன் ஏன் 1880கள்ல கத்தினாருன்னா, அதுக்குக் காரணம் டாக்டருங்க இல்ல, மெஷின். ஹங்கேரிலேர்ந்து வந்த இரும்பு ரோலர் மில்லு 1870-80கள்ல இங்கிலாந்து முழுக்க பரவிச்சு. அதுக்கு முன்னாடி கல்லுல அரைச்சு சலிச்சாலும் முளையோட எண்ணெயும் தவிட்டுத் தூளும் கொஞ்சம் மாவுலயே தங்கும், எவ்வளவு பணக்கார வீட்டு மாவும் லேசா மஞ்சளாத்தான் இருக்கும். ரோலர்ல கோதுமைய உடைச்சு உள்ள இருக்கற வெள்ளைய மட்டும் சுரண்டி எடுத்துடும், முளை நசுங்கி தட்டையாகி சல்லடைல நின்னுடும். ஒரு கோதுமைல முளை எடைக்கு 2, 3 சதவீதம்தான், தவிடு 14, 15, மிச்சம் மாவு. முளைல எண்ணெய் இருக்கறதால அது போனா மாவு மாசக்கணக்குல சிக்கு வாடை அடிக்காம நிக்கும், கப்பல்ல ஏத்தலாம், குடோன்ல போடலாம். மில்லுக்காரனுக்கு லாபம் அங்கதான். வெள்ளை ரொட்டி அதுவரைக்கும் பெரிய வீட்டு சாப்பாடு, இப்ப எல்லாருக்கும் மலிவா கிடைச்சுது, ஏழை ஜனம் சந்தோஷமாத்தான் வாங்குச்சு. கருப்பு ரொட்டி சாப்பிடுன்னு ஒரு டாக்டரு சொன்னா, ஏன்யா இப்பத்தான் எங்களுக்கு வெள்ளை கிடைச்சிருக்குன்னு எரிச்சல் வராதா?

ஆனா ரொட்டியே உயிரா இருந்த ஜனத்துக்கு முளையும் தவிடும் போனது பெரிய அடி, சத்து அதுலதான் இருக்கு. ஜாவால டச்சு டாக்டர் ஐக்மன், தீட்டின அரிசி தின்ன கோழிக்கு நரம்பு வியாதி வருது, தவிட்டோட கொடுத்தா சரியாகுதுன்னு எழுதினது 1890கள்லதான். விட்டமின்ங்கற பேரே 1912ல ஃபங்க்ங்கற விஞ்ஞானி வச்சது. அலின்சன் 1880கள்லயே சொன்னதுக்கு அவருகிட்ட ஆதாரம் ஒண்ணும் இல்ல, மலச்சிக்கல் போகும் இயற்கை கொடுத்ததை எடுக்காதேன்னு மட்டும்தான். குருட்டாம்போக்குல அடிச்சாலும் சரியான இடத்துல அடிச்சாரு.

ஸ்டெத்தோஸ்கோப்:
//குருட்டாம்போக்குல அடிச்சாலும் சரியான இடத்துல//

இதான் எனக்கும் அலின்சனுக்கும் தகராறே. அதே குருட்டாம்போக்குல அம்மை தடுப்பூசியையும் அடிச்சாரு. கட்டாயத் தடுப்பூசிக்கு எதிரா தீவிரமா இருந்தவரு அவரு. 1885ல லெஸ்டர்ல தடுப்பூசி எதிர்ப்பு ஊர்வலத்துக்கு பல்லாயிரக்கணக்குல கூட்டம் வந்த காலம் அது. அப்புறம் என்னாச்சு, ஊசி போடறதை விட்டுட்ட க்ளோஸ்டர்ல 1895-96ல பெரியம்மை வந்து நானூறு பேருக்கு மேல செத்தாங்க, நிறைய பேரு குழந்தைங்க. இயற்கை கொடுத்ததைத் தொடாதேங்கற அதே வாதம்தான் ரெண்டு இடத்துலயும். ரொட்டில சரியா வந்துச்சு, ஊசில குழந்தைங்க செத்துச்சு. ஒண்ணை மட்டும் எடுத்து தீர்க்கதரிசின்னு போஸ்டர் அடிக்கறவங்க இன்னொண்ணையும் பக்கத்துல எழுதணும்.

தவிட்டுலயும் ஒரு சிக்கல் உண்டு. அதுல ஃபைட்டிக் அமிலம் இருக்கு, சுண்ணாம்புச் சத்தையும் இரும்பையும் பிடிச்சு வச்சுக்கும். ரெண்டாம் உலகப்போர்ல 1942ல இங்கிலாந்து அரசாங்கம், கோதுமைல 85 சதவீதத்தை மாவா எடுக்கற நேஷனல் மாவை எல்லாருக்கும் கட்டாயமாக்கினப்ப, மெக்கன்ஸ், விடோசன்னு ரெண்டு சத்துணவு ஆராய்ச்சியாளருங்க தங்க மேலயே சோதனை பண்ணிப் பாத்து சொன்னதாலதான் மாவுல கால்சியம் கலந்தாங்க. அளந்து பாத்தவன் கொடுத்த திருத்தம் அது.

கொழுப்பேஉணவு:
டாக்டர் சார் அப்ப ரொட்டியே வேணாம்னு ஒத்துக்கறீங்க 😌

ஸ்டெத்தோஸ்கோப்:
ஒத்துக்கல. நைட்டு ஊற வச்சு புளிக்க வச்சா ஃபைட்டிக் குறையும், ஈஸ்ட் போட்டு நல்லா பொங்கவிட்ட ரொட்டிலயும் குறையும். அலின்சனுக்கு ஈஸ்ட்டே பெருசா பிடிக்காதுங்கறது தனிக்கதை.

கரிசல்காத்து:
நல்லா சூடு பிடிச்சிருக்கு. இன்னொரு விஷயத்தையும் சேத்துக்கறேன், காந்தி-அலின்சன் கதை 1891ல நடந்த அந்த சங்கச் சண்டையோட முடியல. 1914 ஆகஸ்ட்ல போர் ஆரம்பிச்ச ரெண்டாம் நாள் காந்தி லண்டன் வர்றாரு, கொஞ்ச நாள்ல ப்ளூரிசி, அதாவது நுரையீரல் உறை வீக்கம், நெஞ்சு வலி. அப்ப அவரு பால், தானியம், பருப்பு எதுவும் தொடாம நிலக்கடலை, வாழைப்பழம்னு ஓட்டிட்டிருந்தாரு. டாக்டர் ஜீவராஜ் மேத்தா பாத்துக்கிட்டாரு, கோகலே உட்பட எல்லாரும் பால் குடி, தானியம் சாப்பிடுன்னு நெருக்கறாங்க. அப்பத்தான் ரெஜிஸ்டர்ல பேரே இல்லாத அலின்சன்கிட்ட காட்டறாரு. வந்து பாத்துட்டு பால் வேணவே வேணாம், கொஞ்ச நாளைக்கு கொழுப்பே வேணாம்னுட்டாரு. தவிட்டு ரொட்டி, பச்சையா பீட்ரூட், முள்ளங்கி, வெங்காயம், கீரை, அப்புறம் ஆரஞ்சு மாதிரி பழம். மெல்ல முடியலன்னா துருவிக்கோ. 24 மணி நேரமும் ஜன்னல் திறந்திருக்கணும், வெதுவெதுப்பான தண்ணில குளி, வலிக்கிற இடத்துல எண்ணெய் தேய், கால் மணி அரை மணி வெளிய நட.

ஜன்னல் விஷயத்துல ஒரு கூத்து. பிரெஞ்சு ஜன்னல், முழுசா திறந்தா மழை உள்ள வருது, மேல இருக்கற சின்னக் கதவைத் திறக்க முடியல. அதனால கண்ணாடிய உடைக்க வச்சு காத்து வர வழி பண்ணாரு காந்தி. பச்சைக் காய்கறி உடம்புக்கு முழுசா ஒத்துக்கலன்னும் எழுதிருக்காரு, கொஞ்சம் தேறினதுக்கப்புறம் அலின்சன் பத்தியத்தைத் தளர்த்தினாரு. ஆனா வலி முழுசா போகல, அந்தக் குளிர்ல இருக்க முடியாம இந்தியாவுக்கு கப்பல் ஏறினாரு.

ஸ்டெத்தோஸ்கோப்:
ப்ளூரிசி அதுவா ஆறுற வியாதியும்தான், காத்தும் ஓய்வும் அன்னைக்கு எந்த டாக்டரும் கொடுத்திருக்கக் கூடிய வைத்தியம்தான். பாதரசம் கொடுக்காம இருந்தாரே அதுக்கு ஒரு கும்பிடு.

வெண்பூசணி:
வக்கீல் சார் ஒண்ணு கேக்கணும், கடைசில பேரைத் திருப்பிச் சேத்தாங்களா?

ரெண்டாம்_வாய்தா:
1894 அப்பீல்ல தோத்தவரு தோத்தவருதான் அக்கா, கடைசி வரைக்கும் எக்ஸ் பட்டத்தோடவே பிராக்டிஸ் பண்ணாரு. 1918 நவம்பர்ல, போர் முடிஞ்ச அதே மாசம் செத்துப் போனாரு, வயசு 60. பையன் ஒருத்தர் ஏட்ரியன் அலின்சன், பெயின்டரா பேர் வாங்கினவரு.

மாவுமில்லு:
கம்பெனி மட்டும் நல்லா வளந்துச்சு. போர்ல வெள்ளை மாவு தட்டுப்பாடு வந்தப்ப தவிட்டு மாவுக்கு கிராக்கி, பின்னாடி யார்க்‌ஷயர் காசில்ஃபோர்டுல ஆத்தங்கரைல பெரிய கல் மில்லு அவங்க கைக்கு வந்துச்சு. அலின்சன்ங்கற பேரு இன்னைக்கும் இங்கிலாந்து சூப்பர் மார்க்கெட்ல மாவுப் பாக்கெட்ல இருக்கு. மச்சான் லெஸ்டர்ல இருக்கான், போன வாரம் போட்டோ அனுப்பச் சொன்னேன், அனுப்பினான். அதே பேருல ஸ்ட்ராங் ஒயிட் மாவும் விக்கிறாங்க, பளபளன்னு வெள்ளையா.

கொழுப்பேஉணவு:
😂😂 அதை முதல்லயே சொல்லியிருக்கலாமே அண்ணே

கரிசல்காத்து:
மில்லு அண்ணே, அந்த ஈஸ்ட் போடாத ரொட்டி எப்படின்னு தெரியுமா? வீட்ல ஓவன் இருக்கு, செஞ்சு பாக்கலாம்னு.

மாவுமில்லு:
சலிக்காத மாவுல பாலும் தண்ணியும் கலந்து கெட்டியான தோசை மாவு பதத்துக்கு நல்லா அடிச்சு, சின்னச் சின்ன அச்சை முன்னாடியே நல்லா சூடு பண்ணி வச்சு அதுல ஊத்தி, ஓவனை நல்ல சூட்டுல வச்சு சுடணும். அச்சு சூடா இல்லன்னா கல்லு மாதிரி ஆயிடும்.